அடுப்புக் கதவுப் பாட்டு

என் இரும்பு அடுப்பை விலைக்குக் கேட்டு வெண்டல் க்ரைடர் போன வாரம் வந்திருந்தான். காரை ஓடைக்கு அந்தப் பக்கமே நிறுத்திவிட்டு, பளபளக்கிற ஷூவில் சேறு படக்கூடாதென்று கோழி மாதிரி ஒவ்வொரு காலாகத் தூக்கி வைத்து வந்தான். டெல்பியா ஸ்லோன் திருவிழாக் கமிட்டிக்கு அவன்தான் தலைவன். கர்னல் ட்ரிப்லெட்டின் மகளைக் கட்டியவன். அந்த ஒன்றுக்காகவே அவனை வாசலோடு அனுப்பியிருக்க வேண்டும்.

"கோர்டா பெரியம்மா, இந்த அடுப்பைக் குடுத்துடுங்க. மியூசியத்துல நட்டநடுவுல வெக்கிறோம். உங்களுக்கு நாங்களே புதுசா ஒரு கரண்டு அடுப்பு வாங்கித் தர்றோம்."

"இதுல நான் ரொட்டி சுடுறேன்டா. நீ என்னத்தைச் சுடப் போறே?"

சிரித்தான். அப்புறம் பையிலிருந்து ஒரு டேப் ரெக்கார்டரை எடுத்து, சோள ரொட்டித் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தான். வந்தது இதற்குத்தான் என்று அப்போதுதான் புரிந்தது.

"அந்த அடுப்புக் கதவுப் பாட்டுல கடைசிச் சரணம் ஒண்ணு இருக்காமே. டெல்பியாம்மா எந்த மேடையிலயும் பாடாதது. அவங்களும் போயிட்டாங்க. இப்ப உங்க ஒருத்தருக்குத்தான் அது தெரியும். நீங்களும்..."

"நானும் போயிட்டா?"

"ஐயோ, நான் அப்படிச் சொல்லலை பெரியம்மா."

அப்படித்தான் சொன்னான். அதில் தப்பும் இல்லை. எனக்கு எண்பது தாண்டி நாளாகிறது. நான் போனால் அந்தச் சரணமும் என்னோடு போய்விடும். அதில் ஒரு பெயர் இருக்கிறது. அந்தப் பெயர் வேறு எங்கேயும் இல்லை. கல்லறைக் கல்லில் இல்லை, சர்ச்சில் இல்லை, அரசாங்கத்தில் இல்லை. அது அழிந்து போகட்டும் என்று விடுவதா, இவனிடம் கொடுத்தாவது மிச்சம் வைப்பதா? ஞாயிற்றுக்கிழமை வா, யோசித்துச் சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டேன். போனவனின் காப்பிக் கோப்பையை வெந்நீரில் இரண்டு தடவை கழுவினேன்.

டெல்பியா என் நாத்தனார். என் வீட்டுக்காரர் பர்லி ஸ்லோனின் ஒரே தங்கை. இப்போது ஊர் எல்லையில் பெரிய பலகை வைத்திருக்கிறார்கள். 'மலையின் வானம்பாடி பிறந்த மண்' என்று எழுதியிருக்கிறது. வானம்பாடியாம். அவள் உயிரோடு நடமாடிய காலத்தில் இதே ஊர் அவளுக்கு வைத்த பெயரை நான் வாயால் சொல்ல மாட்டேன். அவள் குரல் வானம்பாடிக் குரலும் இல்லை. மூக்கில் ஏறி, உச்சியில் போய்ச் சட்டென்று உடைந்து, தகரத்தைக் கிழித்த மாதிரி வரும். முதல் தடவை கேட்பவர்கள் முகம் சுளிப்பார்கள். இரண்டாவது தடவை கேட்டால் கையில் இருக்கிற வேலையை அப்படியே போட்டுவிட்டு நிற்பார்கள்.

எங்கள் ஊரான சவர்வுட் பள்ளத்தில் எல்லா வீடும் சுரங்கக் கம்பெனி வீடு. சுவரெல்லாம் கரி, துவைத்துப் போட்ட துணியெல்லாம் கரி. அங்கே மரம் வெட்ட ஒருவன் வந்தான். வெட்டிய மரத்தோடு அவனும் போய்விட்டான். டெல்பியாவுக்கு அப்போது வயது பதினேழு. வயிறு தெரிய ஆரம்பித்ததும் அவள் அப்பன் வீட்டுக் கதவைச் சாத்தினான், சர்ச்சு தன் கதவைச் சாத்தியது. மூட்டையோடு எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"அண்ணி, மாட்டுக் கொட்டாயில படுத்துக்கறேன்."

"மாடு ஒத்துக்காது. உள்ள வா," என்றேன்.

குழந்தை ஏழாவது மாதத்திலேயே பிறந்துவிட்டது, நல்ல பனிக்காலத்தில், என் சமையலறையில். அணில் குஞ்சு மாதிரி இருந்தது. மருத்துவச்சி பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள். இப்படிப் பிறந்த குழந்தைகளுக்கு எங்கள் பக்கத்தில் செய்வது ஒன்றுதான். பர்லியின் சுரங்க பூட்ஸ் வந்த அட்டைப்பெட்டியில் பழைய துணியைப் பரப்பி, குழந்தையைப் படுக்க வைத்து, அடுப்பில் ரொட்டி சுடுகிற அறையின் கதவைத் திறந்து அதன்மேல் பெட்டியை வைத்தோம். அந்தக் கதவு கீழே சாய்ந்து பலகை மாதிரி நிற்கும். அனல் ஏறினாலும் ஆபத்து, இறங்கினாலும் ஆபத்து. பர்லி கம்பெனிக் குப்பைமேட்டில் கரி பொறுக்கி வருவார், நான் அடுப்பைப் பார்ப்பேன், அவள் தரையில் உட்கார்ந்து பெட்டிக்குப் பக்கத்தில் முனகிக்கொண்டே இருப்பாள். அந்த முனகல்தான் கொஞ்சம் கொஞ்சமாகப் பாட்டானது.

பூட்சுப் பெட்டி உன் தொட்டிலு,
பழந்துணிதான் உன் மெத்தை,
அடுப்புக் கதவைச் சாத்தாதீங்க,
அனலுதான் என் குஞ்சுக்குப் போர்வை.

பனி உருகுவதற்குள் குழந்தை போய்விட்டது. அதற்குப் பெயர் வைத்திருந்தாள். பெயர் தெரிந்தவர்கள் நாங்கள் மூன்று பேர்தான். பாட்டின் கடைசிச் சரணத்தில் அந்தப் பெயரைச் சொல்லிக் குழந்தையைக் கூப்பிட்டு, இனிமேல் கதவைச் சாத்திக்கொள்ளலாம் என்று சொல்கிறாள். அதற்குமேல் நான் சொல்ல மாட்டேன். பாதிரியார் அடக்கம் செய்ய வர மாட்டேன் என்றார். வந்திருந்தால் நான் உள்ளே விட்டிருப்பேனா என்பது வேறு விஷயம். மேட்டிலிருந்த சவர்வுட் மரத்தடியில் பர்லியே குழி தோண்டினார். ஓடையிலிருந்து ஒரு கல்லை எடுத்து வந்து தலைமாட்டில் நட்டோம்.

அதற்கு நாலைந்து வருஷம் கழித்து, சுரங்கம் மூடிக் கிடந்த காலத்தில், பர்லி பிடிலைத் தூக்கிக்கொண்டு நாக்ஸ்வில் நகரத்துக்குப் போனார், நானும் டெல்பியாவும் கூடவே போனோம். அங்கே ரேடியோவில் சனிக்கிழமைதோறும் 'களத்துமேட்டுக் கச்சேரி' என்று ஒன்று நடக்கும். நடத்தியவர் கர்னல் ட்ரிப்லெட். எந்தப் போரில் கர்னல் என்று கேட்கக்கூடாது. கல்லீரல் டானிக் விற்றுச் சம்பாதித்து, கவர்னரைப் பிடித்து வாங்கிய பட்டம். அந்த டானிக்கை ஒரு மூடி குடித்தால் அன்று முழுக்கக் கொல்லைப்பக்கத்தை விட்டு நகர முடியாது. அந்தக் கண்றாவியை விற்கத்தான் நடுநடுவே பாட்டு.

கர்னலை முதலில் பார்த்தபோதே எனக்குப் பிடிக்கவில்லை. தலையில் வழிகிற எண்ணெய், எப்போதும் ஈரமாக இருக்கும் கீழுதடு, அதில் ஒட்டிக்கொண்டிருக்கும் பல்குத்தி. பேசும்போது பெண்களின் முதுகில் கையை வைப்பார். வைத்த கை வைத்தபடியே இருக்கும். என் முதுகில் ஒரு தடவைதான் வைத்தார். நான் காப்பியை அவர் கால்சட்டையில் கொட்டினேன், கை நழுவிவிட்டது என்று சொன்னேன்.

அந்தக் கச்சேரியில் பெண்பிள்ளை தனியாகப் பாடக்கூடாது. யாருக்காவது பெண்டாட்டியாகவோ தங்கையாகவோ இருக்க வேண்டும். ஆண்களுக்கு ஓரடி பின்னால் நின்று, பல்லவி வரும்போது மட்டும் வாயைத் திறக்க வேண்டும். இல்லாவிட்டால் என்னைப் போல் கோமாளி ஆக வேண்டும். என் முன்பல்லில் கறுப்பு மெழுகு ஒட்டி, கிழிந்த தொப்பி மாட்டி, பல்லுப்போன பட்டிக்காட்டுக் கிழவியாக நிறுத்தினார்கள். எனக்கு அப்போது முப்பதுகூட ஆகவில்லை. மெழுகின் கசப்பு சாப்பாட்டிலெல்லாம் வரும். எங்களைப் பார்த்து, எங்கள் ஊர் ஆட்களே டிக்கெட் வாங்கி உட்கார்ந்து சிரித்தார்கள். தூ.

ஒரு சனிக்கிழமை, பாட வேண்டிய ஆண்பிள்ளை நிற்க முடியாத அளவுக்குக் குடித்துவிட்டு வந்தான். நிகழ்ச்சி தொடங்கிவிட்டது. மைக் முன்னால் ஆள் இல்லை. டெல்பியா கிட்டாரோடு முன்னால் போய் நின்று, யாரையும் கேட்காமல் அடுப்புக் கதவுப் பாட்டைப் பாடினாள். கடைசிச் சரணம் வந்ததும் பாடாமல் நிறுத்திக்கொண்டாள். அறிவிப்பாளன் மலைத்துப்போய், "யாரு பாட்டும்மா இது?" என்று மைக்கிலேயே கேட்டான்.

"எங்கம்மா பாடுறதுங்க. பழைய பாட்டு," என்றாள்.

இங்கேதான் எல்லாம் கெட்டது. ஆனால் எங்கள் பள்ளத்தில் யாராக இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்கள். பாட்டை நான் கட்டினேன் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். சொன்னால் 'பெரிய இவ, பாட்டுக் கட்ட வந்துட்டா' என்று முகத்துக்கு நேரே கேட்பார்கள். சுரங்கம் இடிந்து செத்தவர்கள் பேரையெல்லாம் வைத்து என் மாமா ஒரு பாட்டுக் கட்டினார். கேட்டவர்களிடமெல்லாம், தெருவில் போன வியாபாரி பாடினான், காதில் விழுந்தது என்றார். செத்தவர்களில் ஒருவன் அவர் சொந்தத் தம்பி. அவளுக்கு மறைக்க இன்னொரு காரணமும் இருந்தது, சொல்லவேண்டியதில்லை. அப்புறம் சனிக்கிழமைக்குச் சனிக்கிழமை அதே கேள்வி, அதே பதில். அது நிகழ்ச்சியில் ஒரு சடங்காகவே ஆகிவிட்டது.

தபால் மூட்டை மூட்டையாக வந்தது. டானிக் பிய்த்துக்கொண்டு போனது. போஸ்டரில் அவள் பெயர் முதலில் ஏறியது. அதற்குமுன் அந்த ரேடியோவில் எந்தப் பெண்ணின் பெயரும் முதலில் ஏறியதில்லை. 'மலைக்கன்னி டெல்பியா' என்று போட்டார் கர்னல். வெள்ளைக் கவுன், தலையில் ரிப்பன், கையில் ஒரு ஆட்டுக்குட்டி. ஆட்டுக்குட்டி அவள் மடியில் மூத்திரம் போகும். கவுனை நான்தான் அலச வேண்டும்.

"அண்ணி, கன்னியாம் நானு," என்று ஒருநாள் சொல்லிவிட்டு, கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள். அது எந்தத் தண்ணீர் என்று நான் கேட்கவில்லை.

அப்படியே ஓடிக்கொண்டிருந்தபோது ஒருநாள் கடையில் புது ரெக்கார்டு வந்தது. அடுப்புக் கதவுப் பாட்டு. பாடியது யாரோ ஒரு நகரத்துப் பெண், குரலில் சர்க்கரைப் பாகை ஊற்றியிருந்தாள். நடுவில் ஒட்டியிருந்த தாளில் 'சொல்லும் இசையும்: கர்னல் லூதர் ட்ரிப்லெட்' என்று அச்சடித்திருந்தது. டெல்பியா ரெக்கார்டைக் கையில் வைத்துக்கொண்டு நேராக அவர் அறைக்குப் போனாள். நானும் பின்னாலேயே போனேன்.

"இது என் பாட்டுங்க."

"ஒன் பாட்டா? ஒங்கம்மா பாட்டுன்னுல்ல சொன்னே? பழைய பாட்டு யாருக்கும் சொந்தமில்லம்மா. யாரு முதல்ல தம் பேர்ல பதிஞ்சாங்களோ அவங்களுக்குத்தான். நான் பதிஞ்சிட்டேன்." பல்குத்தியை உதட்டின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு உருட்டினார். "கோச்சுக்காத பாப்பா. நீ தாராளமாப் பாடலாம். என் கச்சேரியில."

அவள் அன்றோடு அந்தக் கச்சேரியை விட்டு வந்துவிட்டாள். பத்து நாள் போகவில்லை, வேலைநிறுத்தம் செய்த சுரங்கக்காரர்களுக்காக ஒரு பள்ளிக்கூடத்தில் அதே பாட்டைப் பாடினாள். டிக்கெட்கூட கிடையாது, பெண்கள் சுட்டுக் கொண்டுவந்த பணியாரங்களை ஏலம் விட்டார்கள். அடுத்த வாரமே கர்னலின் வக்கீலிடமிருந்து ஆள் வந்தான். அடுப்புக் கதவுப் பாட்டை இனிமேல் அவர் அனுமதி இல்லாமல் பொது இடத்தில் பாடக்கூடாதாம். தன் குழந்தைக்குப் பாடிய தாலாட்டைப் பாட, பெற்றவளே அந்த எச்சில் உதட்டுக்காரனிடம் அனுமதி கேட்க வேண்டுமாம். எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்த ஆளை விளக்குமாற்றால் அடித்திருப்பேன். பர்லி பிடித்துக்கொண்டார்.

"காசு பணம் எதுவும் வேணாம் அண்ணி," என்றாள் டெல்பியா. "அது என்னோடதுன்னு ஒரு மனுசன் சொன்னாப் போதும்."

சுரங்கத் தொழிலாளர் சங்கம் ஒரு இளம் வக்கீலைப் பிடித்துக் கொடுத்தது. வழக்கு நாக்ஸ்வில்லில் நடந்தது. நீதிபதிக்கு ஜலதோஷம், நிமிஷத்துக்கு ஒரு தடவை மூக்கைத் துடைத்துக்கொண்டே இருந்தார். ஆனால் கெட்ட மனிதர் இல்லை. கர்னல் முன் வரிசையில் வெள்ளைக் கோட்டில் உட்கார்ந்திருந்தார். நான் அவருக்கு அடுத்த வரிசையில், அவர் முகம் பக்கவாட்டில் தெரிகிற இடத்தில். அவர் தலை எண்ணெயின் நாற்றம் என் மூக்கிலேயே இருந்தது.

கர்னலின் வக்கீல் எழுந்தான். "சனிக்கிழமை சனிக்கிழமை மைக்குல என்னம்மா சொன்னீங்க?"

"எங்கம்மா பாடுற பழைய பாட்டுன்னு சொன்னேன்."

"அப்ப அது பொய்யா?"

"எங்க பக்கத்துல அப்படித்தாங்க சொல்லுவோம்."

"ஓகோ. உங்க பக்கத்துல பொய் சொல்றதுதான் வழக்கம்."

சுற்றிலும் சிரித்தார்கள். வாய் ஓயும்வரை சிரிக்கட்டும் என்று அவள் காத்திருந்தாள். அவன் அடுத்ததைக் கேட்டான். "சரி, நீங்களே கட்டின பாட்டுன்னா, அந்தப் பெட்டியில கிடக்கிற குழந்தை யாரு குழந்தை?"

"என் குழந்தை."

"உங்களுக்குக் கல்யாணம் எப்ப ஆச்சு?"

"ஆகலை."

என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண்மணி தன் பாவாடையை இழுத்து மடக்கிக்கொண்டாள், ஏதோ நரகல் தெறித்துவிட்ட மாதிரி. எல்லோர் முன்னாலும் இப்படி வெட்கத்தைப் பிய்த்து எறிந்துவிட்டு நிற்கிறாளே என்று இருந்தது எனக்கு. கர்னல் என்ன செய்தார் தெரியுமா? பக்கத்திலிருந்த கணக்குப்பிள்ளை பக்கம் சாய்ந்து, "பிரமாதம்யா. இத முன்னாடியே சொல்லியிருந்தா ரெக்கார்டு இன்னும் ரெண்டு மடங்கு ஓடியிருக்குமே," என்றார். என் காதால் கேட்டேன். வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

நீதிபதி மூக்கைத் துடைத்துவிட்டு டெல்பியாவைப் பார்த்தார். "அம்மா, அந்தப் பாட்டுல வேற யாருக்கும் தெரியாத, நீங்க மட்டும் அறிஞ்ச விஷயம் ஏதாவது உண்டா?"

எங்கள் வக்கீல் துள்ளி எழுந்தான். "இருக்குங்க. கடைசிச் சரணம் ஒண்ணு இருக்கு. எங்கயும் பாடினதில்லை. குழந்தை பேரு அதுல வருது. இவங்க பாடட்டும். அப்புறம் இவங்க அண்ணியத் தனியாக் கூப்பிட்டுக் கேளுங்க. ரெண்டும் ஒண்ணா இருந்தா..."

"அது போதும்," என்றார் நீதிபதி. "அப்படி இருந்தா பாட்டு இவங்களோடதுதான். பாடுங்கம்மா."

எனக்கு உயிர் வந்தது. ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தேன். டெல்பியா எழுந்து நின்றாள். தொண்டையைச் செருமினாள். அந்த நேரத்தில் கர்னல் கோட்டுப் பையிலிருந்து ஒரு பழைய உறையை எடுத்துப் பின்பக்கம் திருப்பித் தொடைமேல் வைத்தார். பென்சிலை எடுத்தார். நாக்கை நீட்டி அதன் முனையை நக்கினார். நிதானமாக, ருசித்து நக்கினார். அந்த ஈரப் பென்சிலைத் தாள்மேல் வைத்துக்கொண்டு, சாப்பாட்டுக் கடையில் என்ன வேண்டும் என்று கேட்டு நிற்பவன் மாதிரி புருவத்தைத் தூக்கி அவளைப் பார்த்தார்.

அவள் திறந்த வாயை மூடிக்கொண்டாள்.

"பாடுங்கம்மா," என்றார் நீதிபதி மறுபடியும்.

"அப்படி ஒரு சரணம் இல்லீங்க ஐயா."

எங்கள் வக்கீல் வெளுத்துப்போனான். நான் பாதி எழுந்துவிட்டேன். அவள் என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் நான் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். பாட்டு கர்னலுக்கு என்று தீர்ப்பானது. அவர் உயிரோடு இருக்கும்வரையிலும், அதற்குப் பிறகு அவர் வாரிசுகளுக்கும்.

கோர்ட்டு வாசற்படியில் அவளைப் பிடித்து உலுக்கினேன். "பைத்தியமா ஒனக்கு? எல்லார் முன்னாடியும் மானத்த விட்டே, சரி. கையில வந்தத ஏன்டி தூக்கிக் குடுத்தே?"

"அவன் பென்சில நக்கினான் அண்ணி."

"நக்கினா?"

"எம்புள்ள பேர அவன் எச்சில்ல எழுதணுமா? நாளைக்கே ரெக்கார்டுல வந்துடும். அந்தப் பொண்ணு பாகு ஊத்திப் பாடுவா. பாட்டு போனாப் போவுது. பேரத் தர மாட்டேன்."

சொல்லிவிட்டு அங்கேயே படியோரம் குனிந்து வாந்தி எடுத்தாள். நான் தலையைப் பிடித்துக்கொண்டேன்.

மலைக்கன்னிக்குக் குழந்தை இருந்த செய்தி எங்களுக்கு முன்னால் ஊருக்குப் போய்விட்டது. எந்த ரேடியோவும் அவளைச் சேர்க்கவில்லை. அதற்கெல்லாம் அசருகிறவளா அவள்? பெண்களாகவே சேர்த்து ஒரு குழு அமைத்தாள். வாத்தியத்தைத் தொட்டவர்கள் எல்லோருமே பெண்கள். அதுவரை அந்த மலைப்பாதையில் அப்படி ஒன்று போனதே இல்லை. பாஞ்சோவுக்கும் பிடிலுக்கும் அக்கா தங்கை இரண்டு பேர், ஆளுயரப் பெரிய பிடிலுக்கு நான். முதல் வேலையாகப் பல்லுக்கு ஒட்டும் மெழுகுக் கட்டியை ஓடையில் எறிந்தேன். பெரிய பிடிலைக் காரின் தலையில் கட்டிக்கொண்டு டெல்பியாவே ஓட்டுவாள். ஆம்பளைத் துணை இல்லாத பெண்களுக்கு அறை கிடையாது என்பார்கள், காரிலேயே தூங்குவோம். மேடைக்குக் கீழேயிருந்து கேட்கக்கூசுகிற வார்த்தைகளைக் கத்துவார்கள். கத்தியவனைப் பார்த்து டெல்பியா, "அண்ணே, ஒங்கம்மா முன் வரிசையில உக்காந்திருக்காங்க, அவங்களுக்கும் கேக்கற மாதிரி சத்தமாச் சொல்லுங்க," என்பாள். கூட்டம் அவன் பக்கம் திரும்பும். அதோடு சரி.

ஊர் ஊராகப் பத்துப் பதினைந்து வருஷம் ஓடினோம். அவளைப் பார்த்துவிட்டு, நானும் கிட்டார் எடுக்கப்போகிறேன் என்று வந்த பெண்பிள்ளைகளுக்குக் கணக்கில்லை. ஆனால் எங்கே போனாலும் கடைசியில் கூட்டம் கேட்பது ஒன்றுதான். "அடுப்புக் கதவு பாடுங்க." அவள் தலையை ஆட்டிவிட்டு வேறொன்று பாடுவாள்.

அதைப் பாட அவளுக்கு ஒரு இடம் இருந்தது. மே மாதக் கடைசியில் எங்கள் பக்கத்தில் எல்லோரும் மண்வெட்டியோடு இடுகாட்டுக்குப் போய்க் களை பிடுங்கி, மண் அணைத்து, பூ வைத்து, அங்கேயே சாப்பிட்டுவிட்டு வருவோம். ஊர்க்காரர்கள் பெரிய இடுகாட்டுக்குப் போவார்கள். நாங்கள் மேட்டுக்குப் போவோம். அந்த ஓடைக்கல்லைச் சுற்றிச் சுத்தம் செய்துவிட்டு, அவள் முழுப் பாட்டையும் பாடுவாள். கடைசிச் சரணத்துக்கு நானும் சேர்ந்துகொள்வேன். வருஷத்துக்கு ஒருமுறை அந்தப் பெயர் வெளிக்காற்றில் கேட்கும். பர்லி போன பிறகு நாங்கள் இருவர். இப்போது நான் ஒருத்தி.

ஆஸ்பத்திரியில் கடைசியாகப் பேசியபோது, அந்தச் சரணத்தை என்ன செய்யட்டும் என்று கேட்டேன். "ஒங்க இஷ்டம் அண்ணி," என்றாள். மூச்சு வாங்கிக்கொண்டு, "கேக்கறது யாருன்னு பாத்துக்கங்க," என்றாள்.

அவள் கண்ணை மூடியதுதான் தாமதம், ஊருக்குப் பாசம் பொங்கிவிட்டது. திருவிழா, மியூசியம், மார்பில் அவள் முகம் அச்சிட்ட பனியன். போன வருஷம் என்னை வண்டியில் ஏற்றிக்கொண்டு போய் முன் வரிசையில் உட்கார வைத்தார்கள். அவளைச் சேர்க்காத அதே சர்ச்சு வாசலில் பந்தல் போட்டுப் பணியாரம் விற்றது. ஒலிபெருக்கியில் அந்த நகரத்துப் பெண்ணின் பாகுக் குரல் ஓயாமல் வழிந்தது. மியூசியத்தில் தக்கை அடுப்பு ஒன்று செய்து, அதன் கதவில் பெட்டி வைத்து, பெட்டியில் ஒரு பிளாஸ்டிக் பொம்மை. பக்கத்துப் பித்தளைத் தகட்டில் கர்னலின் பெயர். வந்தவர்கள் வரிசையில் நின்று, கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, படம் எடுத்துக்கொண்டு நகர்ந்தார்கள். தண்ணீர் வேண்டும் என்று பொய் சொல்லி வெளியே வந்துவிட்டேன்.

இதெல்லாம் தெரிந்தும் இந்த வாரம் முழுக்க நான் யோசித்தேன் என்பதுதான் நிஜம். போன மே மாதம் மேட்டில் ஏற எனக்குக் கால் வரவில்லை, பாதியிலேயே உட்கார்ந்து அங்கிருந்தே பாடினேன். அடுத்த மேயில் இருப்பேனா என்று தெரியாது. எனக்கு அப்புறம் அந்தப் பெயரைச் சொல்ல ஒரு வாய் கிடையாது. அப்படி ஒரு குழந்தை வந்துபோனதே இல்லை என்று ஆகிவிடும். மனுஷன் எப்படியிருந்தால் என்ன, அவன் கொண்டு வருவது மெஷின்தானே, மெஷினுக்கு எச்சில் கிடையாதே என்றுகூட நினைத்தேன். சனிக்கிழமை முடிவே செய்துவிட்டேன், கொடுத்துவிடலாம் என்று.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சு விட்டதும் வெண்டல் வந்தான். நல்ல பிள்ளையாக ஷூவை வாசலிலேயே கழற்றிவிட்டு வந்தான். ரெக்கார்டரை வைத்தான், என்னைப் பார்த்துக் கனிவாகச் சிரித்தான். நான் தொண்டையைச் செருமிக்கொண்டேன்.

"ஒரு நிமிஷம் பெரியம்மா. மொதல்ல உங்களுக்கு ஒரு பரிசு," என்று பையிலிருந்து ஒன்றை எடுத்து என் கையில் கொடுத்தான்.

உள்ளங்கை அளவு அட்டைப்பெட்டி. பூட்ஸ் பெட்டி மாதிரியே செய்திருந்தது. மூடியைத் திறந்தேன். உள்ளே வெள்ளைக் காகிதத்தில், கையைக் காலை மடக்கிக்கொண்டு, இளஞ்சிவப்பில் ஒரு சர்க்கரைக் குழந்தை.

"ஸ்ட்ராபெரி. இந்த வருஷம் திருவிழாவுல விக்கப் போறோம். பசங்களுக்கு ரொம்பப் புடிச்சிருக்கு, எங்க வீட்டுப் பொடியன் நேத்து ஒரே கடியில தலைய முழுங்கிட்டான்," என்று சிரித்தான். பிறகு மூடியைத் திருப்பிக் காட்டினான். அடுப்புக் கதவின் படம், அதற்குக் கீழே ஒன்றும் எழுதாத வெள்ளைப் பட்டை. "இந்த எடத்த மட்டும் காலியா விட்டிருக்கோம் பாருங்க. நீங்க பேரச் சொன்னீங்கன்னா, அச்சுக்குக் குடுத்துடலாம்."

நான் பெட்டியை மூடி அவன் பக்கம் தள்ளினேன்.

"அப்படி ஒரு சரணம் இல்ல வெண்டல்."

"பெரியம்மா, போன வாரம் நீங்களே..."

"இல்லேன்னு சொல்றேன்ல. அடுப்பும் விக்கறதுக்கில்ல. ஷூவ மாட்டிட்டுக் கெளம்பு, எனக்கு ரொட்டி சுடற வேலை கெடக்கு."

பெட்டியை மேசையிலேயே விட்டுவிட்டுப் போகப் பார்த்தான். அதையும் எடுத்துக்கொண்டு போகச் சொன்னேன். கார் திரும்புகிற சத்தம் ஓயும்வரை வாசலில் நின்றேன். அப்புறம் கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு, சோளமாவைக் கரைத்து, அடுப்புக் கதவைத் திறந்து தட்டை உள்ளே வைத்தேன். கதவைச் சாத்தவில்லை. நாற்காலியை இழுத்து அதன் முன்னால் போட்டுக்கொண்டு, முதல் வரியிலிருந்து கடைசிச் சரணம்வரை, பெயர் வருகிற இடத்தில் நன்றாக வாய்விட்டே பாடினேன். கதவு திறந்து கிடந்ததால் ரொட்டி சரியாக வேகவில்லை. அதையே மோரில் போட்டுச் சாப்பிட்டேன்.